ஏழு விநாடிக்கு ஒரு கிளிக்

ஆட்டோ கிளிக்கர் என்றதும் பலருக்கு விளையாட்டுதான் நினைவுக்கு வரும். 2013இல் வந்த குக்கி கிளிக்கர் போன்ற ஆட்டங்களில் திரையில் இருக்கும் பிஸ்கட்டைத் தட்டிக்கொண்டே இருக்க வேண்டும். அந்த வேலையை ஒரு நிரலிடம் விட்டுவிட்டு டீ குடிக்கப் போய்விடலாம். நொடிக்கு எத்தனை கிளிக் என்பதுதான் அங்கே பெருமை. அந்தக் கணக்கில் என் கிளிக்கர் கடைசி பெஞ்ச். ஏழு விநாடிக்கு ஒரு தடவை அழுத்தும், அவ்வளவுதான்.

பழைய சிற்றிதழ்களைப் படமெடுக்கும் வேலைக்காக அதை வைத்திருக்கிறேன். நண்பர் ஒருவர் பல வருடங்களாகச் சேர்த்தவை. நியூஸ்பிரிண்ட் தாள் பழுத்துப்போய், மடிப்பில் கைபட்டாலே பொடியாக உதிர்கிறது. மேலிருந்து பார்க்கும் டாக்குமென்ட் கேமராவுக்குக் கீழே இதழை விரித்து, அதன்மேல் கண்ணாடியை வைத்து, திரையில் இருக்கும் 'படம் எடு' பொத்தானை அழுத்த வேண்டும். அப்புறம் கண்ணாடியைத் தூக்கி, பக்கத்தைத் திருப்பி, மறுபடி கண்ணாடி. இதற்கே இரண்டு கையும் சரியாகிவிடும். மவுஸைத் தேடிக் கை போகும் ஒவ்வொரு முறையும் தாள் கோணிக்கொள்கிறது. கிளிக் தானாக விழுந்தால் கை தாளைவிட்டு நகர வேண்டியதில்லை. ஏழு விநாடி என்பது நான்கைந்து இதழ்கள் முடிந்தபோது தானாக அமைந்த இடைவெளி. ஐந்து வைத்தால் விரல் படத்தில் விழுந்தது, பத்து வைத்தால் தூக்கம் வந்தது.

என் கணினியில் ஓடுவது லினக்ஸ் என்ற திறமூல இயங்குதளம். லினக்ஸ் ஆட்கள் இந்த இடத்தில் குறுக்கிடுவார்கள். "கிளிக் எதுக்கு? கட்டளை இல்லையா?" நியாயமான கேள்விதான். டிஎஸ்எல்ஆர் கேமரா என்றால் ஜிஃபோட்டோ2 நிரலிடம் இத்தனை விநாடிக்கு ஒரு படம் என்று, கட்டளை தட்டும் சன்னலான டெர்மினலிலேயே சொல்லிவிடலாம். ஸ்கேனர் என்றால் ஸ்கேன்இமேஜ் என்ற நிரலில் பல பக்கங்களைத் தொடர்ந்து எடுக்கும் தொகுப்பு முறை இருக்கிறது. குனோம் என்ற லினக்ஸ் மேசைச்சூழலின் டாக்குமென்ட் ஸ்கேனரில் பக்கங்களுக்கு நடுவே சில விநாடி இடைவெளி விட்டு அடுத்தடுத்து எடுக்கும் வசதி மெனுவிலேயே உண்டு. என் கேமராவையும் சாதாரண வெப்கேமாக நினைத்துக் கட்டளை வழியாகப் படம் எடுக்க முடிந்தது. ஆனால் விரித்த புத்தகத்தின் நடுவில் வரும் வளைவை நிமிர்த்தித் தரும் வேலையைக் கேமராவோடு வந்த மென்பொருள்தான் செய்கிறது. அது உலாவிக்குள் ஓடுவது. குறுக்குவிசை கிடையாது. ஒரு படம் எடுத்ததும், விசைத் தட்டலை ஏற்கும் ஃபோகஸும் பொத்தானைவிட்டு வேறெங்கோ போய்விடும். ஆக, அந்தப் பொத்தான்மேல் யாராவது கிளிக் செய்தே ஆக வேண்டும்.

கிளிக்கரைக் கடைசி வழியாக வைப்பதே நல்லது. அதற்குக் கண் கிடையாது. நடுவில் 'புதுப்பிப்பு வந்திருக்கிறது, இப்போதே நிறுவவா?' என்று ஒரு பெட்டி வந்தால் அதன்மேலும் தயங்காமல் அழுத்தும்.

முதலில் நான் எடுத்தது எக்ஸ்டூடூல். ஜோர்டன் சிசெல் எழுதிய சின்னக் கருவி, ஏறக்குறைய எல்லா டிஸ்ட்ரோக்களின் (லினக்ஸ் வழங்கல்களின்) நிரல் களஞ்சியத்திலும் இருக்கும். கிளிக் என்று சொல்லி 1 என்ற எண்ணைக் கொடுத்தால் இடது பொத்தான், 2 நடு, 3 வலது. 4, 5 என்றால் சக்கரம் மேலும் கீழும் உருளும். எத்தனை முறை, எத்தனை மில்லிவிநாடி இடைவெளி என்பதையும் அதே வரியில் சேர்க்கலாம். கட்டளை வேண்டாம், சன்னல் வேண்டும் என்பவர்களுக்கு எக்ஸ்கிளிக்கர் என்ற திறமூல நிரல் இருக்கிறது. இடைவெளியைப் பெட்டியில் எழுதி, தொடங்க நிறுத்த ஒரு விசையை வைத்துக்கொள்ளலாம்.

இவை இரண்டும் நிற்பது எக்ஸ் விண்டோ சிஸ்டத்தின் மேல். திரையில் சன்னல்களைக் காட்டி, மவுஸ், விசைப்பலகைச் செய்திகளை அவற்றுக்குக் கொண்டுசேர்க்கும் அடித்தளம் அது; அதை நடத்தும் நிரல் எக்ஸ் சர்வர். எக்ஸ்11 வெளிவந்தது 1987இல். அதற்கு எக்ஸ்டெஸ்ட் என்று ஒரு நீட்சி உண்டு. ஆளில்லாமலே எக்ஸ் சர்வரைச் சோதித்துப் பார்க்க உருவான வசதி அது. 'இந்தப் பொத்தான் அழுத்தப்பட்டது' என்று ஒரு நிரல் சொன்னால் சர்வர் அப்படியே நம்பி, சுட்டி எந்தச் சன்னல்மேல் இருக்கிறதோ அதற்குச் செய்தியை அனுப்பிவிடும். மேசையில் இருக்கும் மவுஸ் அனுப்பியதா, ஏதோ ஒரு நிரல் அனுப்பியதா என்று கேட்பதில்லை.

அந்தக் கேள்வி இல்லாததால்தான் எக்ஸில் ஆட்டோ கிளிக்கர் இவ்வளவு சுலபம். எக்ஸ் உருவான காலத்தில், ஒரே திரையில் ஓடும் நிரல்கள் எல்லாம் ஒருவருக்கொருவர் வேண்டியவர்கள் என்ற எண்ணம் இருந்தது. அதன் மறுபக்கத்தைப் பார்க்க ஆசைப்பட்டால், எக்ஸ் அமர்வில் எக்ஸ்இன்புட் கருவியின் சோதனைக் கட்டளையை ஒரு டெர்மினலில் ஓடவிட்டு, வேறொரு சன்னலில் ஏதாவது தட்டிப் பாருங்கள். ஒவ்வொரு விசையின் எண்ணும் டெர்மினலில் வரிசையாக வந்து விழும். ரூட், அதாவது கணினி நிர்வாகியின் அனுமதி எதுவும் தேவையில்லை. வங்கியின் கடவுச்சொல்லைத் தட்டினாலும் இதே கதைதான். என் கிளிக்கருக்குத் திறந்திருக்கும் கதவு எல்லாருக்கும் திறந்தே இருக்கிறது.

எக்ஸுக்கு மாற்றாக வந்த வேலண்ட் இந்தக் கதவை மூடியது. 2008இல் கிறிஸ்டியன் ஹோக்ஸ்பெர்க் தொடங்கிய திட்டம். இதில் ஒரு சன்னலுக்குத் தன்னிடம் வரும் கிளிக்கும் எழுத்தும் மட்டுமே தெரியும். பக்கத்துச் சன்னலில் நடப்பது தெரியாது, அங்கே கிளிக்கை அனுப்பவும் முடியாது. ஃபெடோரா என்ற டிஸ்ட்ரோ 2016இல் 25ஆம் பதிப்பில் இதை இயல்புத் தேர்வாக்கியது. உபுண்டு என்ற இன்னொரு டிஸ்ட்ரோ 17.10ஆம் பதிப்பில் போய்ப் பார்த்து, 18.04இல் எக்ஸுக்கே திரும்பி, 21.04இல் மறுபடி வேலண்டுக்கு வந்தது. 25.10இலிருந்து உபுண்டுவின் குனோமில் எக்ஸ் அமர்வு என்ற தேர்வே இல்லை.

இந்த மாற்றம் என் மேசையில் தெரிந்த விதம் விசித்திரமானது. எக்ஸ்டூடூல் பிழைச்செய்தி எதுவும் தரவில்லை. கட்டளை ஓடியது, முடிந்தது, கிளிக் மட்டும் விழவில்லை. இன்னும் குழப்பம், சில சன்னல்களில் விழுந்தது! வேலண்டிலும் பழைய நிரல்களுக்காக எக்ஸ்வேலண்ட் என்று ஒரு எக்ஸ் சர்வர் உள்ளே ஓடுகிறது. அதன் வழியாக வரும் சன்னல்களுக்கு எக்ஸ்டூடூலின் பேச்சு எட்டும், நேரடியாக வேலண்டில் ஓடுபவற்றுக்கு எட்டாது. ஃபயர்ஃபாக்ஸ் 2023 டிசம்பரில் 121ஆம் பதிப்பிலிருந்து வேலண்டோடு இயல்பாகவே நேரடியாகப் பேசுகிறது. உலாவிக்குள் ஒரு பொத்தானை நம்பியிருந்தவனுக்கு இதுபோதும்.

அடுத்த வழி ஒரு மாடி கீழே இருக்கிறது, இயங்குதளத்தின் அடிக்கருவான கெர்னலில். நாம் மவுஸை அழுத்தும்போது முதலில் கெர்னல் அதைப் படிக்கிறது, பிறகு லிப்இன்புட் என்ற நூலகம், பிறகு வேலண்டை நடத்தும் கம்போசிட்டர், கடைசியில்தான் சன்னல். கெர்னலில் யுஇன்புட் என்று ஒரு பகுதி உண்டு. அதன் வழியாக ஒரு நிரல் இல்லாத மவுஸை உருவாக்கிக்கொள்ளலாம். கம்போசிட்டரின் பார்வையில் அது யுஎஸ்பியில் புதிதாகச் செருகிய இன்னொரு மவுஸ். ஒய்டூடூல் என்ற கருவி இந்த வழியில்தான் வேலை செய்கிறது. அதனால் எக்ஸ், வேலண்ட் என்ற பேதம் அதற்கு இல்லை.

ஒய்டூடூலைப் பழக்குவது கொஞ்சம் முரண்டுதான். பின்னணியில் அதன் டீமன் (கண்ணுக்குத் தெரியாமல் ஓடும் துணை நிரல்) ஓட வேண்டும். கிளிக்கை எண்ணாகச் சொல்ல வேண்டும்: இடது பொத்தானை அழுத்துவதற்கு ஹெக்ஸாடெசிமல் என்ற பதினாறடிமான எண்முறையில் 40, விடுவதற்கு 80, இரண்டையும் கூட்டிக் கொடுத்தால் ஒரு முழு கிளிக். பழைய பதிப்பில் கட்டளை முறையே வேறு. சில டிஸ்ட்ரோக்களின் களஞ்சியத்தில் அந்தப் பழசே நெடுநாள் இருந்தது. எனவே இணையத்தில் கிடைக்கும் குறிப்பைப் பார்த்து அப்படியே தட்டினால் ஒன்றும் நடக்காது. முதலில் உங்களிடம் இருப்பது எந்தப் பதிப்பு என்று பாருங்கள்.

பெரிய விஷயம் அனுமதி. யுஇன்புட் சாதனக் கோப்பைப் பல டிஸ்ட்ரோக்களில் ரூட் மட்டும்தான் தொட முடியும். பலர் தரும் யோசனை, சாதனங்களின் அனுமதியைத் தீர்மானிக்கும் ஒரு யுடெவ் விதி எழுதி உங்கள் பயனர் குழுவுக்கு எழுதும் அனுமதி கொடுத்துவிடுங்கள் என்பது. செய்யலாம், ஆனால் என்ன கொடுக்கிறோம் என்று தெரிந்து கொடுக்க வேண்டும். அதற்குப் பிறகு உங்கள் பெயரில் ஓடும் எந்த நிரலும் உங்கள் கையாக நடிக்கலாம். டெர்மினலைத் திறந்து எதையும் தட்டலாம். வேலண்ட் மூடிய கதவுக்குப் பக்கத்தில் சுவரை இடித்து வழி வைத்தது போலத்தான். நான் அனுமதியைப் பரப்பாமல், வேலை நடக்கும் நேரம் மட்டும் டீமனை ரூட்டாக ஓடவிட்டு, அதனிடம் பேசும் வாசலான சாக்கெட்டை என் பயனருக்கு மட்டும் கொடுத்து, முடிந்ததும் நிறுத்திவிடுகிறேன். திறமூலம் என்பது எனக்கு இங்கே கொள்கை மட்டும் இல்லை. என் கைக்குரிய அதிகாரத்தை வாங்கிக்கொள்ளும் நிரலின் மூலநிரலை யாராவது திறந்து பார்க்க முடிய வேண்டும். எங்கிருந்தோ இறக்கிய 'இலவச கிளிக்கர்' ஒன்றுக்கு இந்த இடத்தைக் கொடுக்க மனம் வராது.

கிளிக் என்று ஒற்றைச் சொல்லாகச் சொல்கிறோமே, அதற்குள் இரண்டு செய்தி இருக்கிறது: அழுத்தினேன், விட்டேன். மனித விரலில் இரண்டுக்கும் நடுவே கொஞ்சம் நேரம் போகும். நிரல் இரண்டையும் அடுத்தடுத்து அனுப்பிவிடும். பெரும்பாலான நிரல்களுக்கு இது போதும். ஆனால் நொடிக்கு 60 முறை பொத்தானை எட்டிப் பார்க்கும் ஒரு விளையாட்டுக்கு, இரண்டு பார்வைக்கு நடுவே இருக்கும் 16 மில்லிவிநாடிச் சொச்சத்துக்குள் அழுத்தலும் விடுதலும் முடிந்துவிட்டால், எதுவுமே நடக்காத மாதிரிதான். எக்ஸ்டூடூலில் அழுத்து, 50 மில்லிவிநாடி தூங்கு, விடு என்று மூன்றாகப் பிரித்து ஒரே வரியில் எழுதினால் சரியாகிவிடும்.

இன்னொன்று இரட்டைக் கிளிக். குனோம் நிரல்களின் சன்னல், பொத்தான்களை வரையும் ஜிடிகே நூலகத்தில் இயல்பான எல்லை 400 மில்லிவிநாடி. அதற்குள் இரண்டு கிளிக் விழுந்தால் அதை இரட்டைக் கிளிக் என்று எண்ணிக்கொள்ளும். 200 மில்லிவிநாடி இடைவெளியில் ஒரு உரைத் திருத்தியின்மேல் கிளிக்கரை விட்டால், முதல் கிளிக்கில் கர்சர் வரும், இரண்டாவதில் ஒரு சொல், மூன்றாவதில் முழு வரி என்று தேர்வாகும். கிளிக்கர் பைத்தியம் பிடித்து ஆடுவதாகத் தோன்றும். அது சொன்னதைத்தான் செய்கிறது.

உலாவிக்குள் வந்தால் 'கிளிக் செய்தது யார்' என்ற கேள்விக்கு ஒரு பதில் வைத்திருக்கிறார்கள். பக்கத்துக்குள்ளிருந்தே ஜாவாஸ்கிரிப்ட் ஒரு கிளிக்கை உண்டாக்கினால், 'நம்பத்தக்கது அல்ல' என்ற குறி அந்தச் செய்தியிலேயே ஒட்டியிருக்கும். கெர்னல் வழியாக வரும் கிளிக்கில் அந்தக் குறி கிடையாது. உலாவிக்கு அது உண்மையான விரல். அதனால்தான் டிக்கெட், விளம்பரம், வருகைப்பதிவு என்று எல்லா இடத்திலும் இந்தக் கருவிகள்மேல் சந்தேகம் இருக்கிறது. தட்கல் நேரத்தில் எல்லாருக்கும் முன்னால் நிரலை விட்டு டிக்கெட் பிடித்து விற்பவர்கள்மேல் ரயில்வே பாதுகாப்புப் படை 1989ஆம் ஆண்டு ரயில்வே சட்டத்தின் 143ஆவது பிரிவில் வழக்குப் போடுகிறது. 2025 ஜூலையிலிருந்து இணையத்தில் தட்கல் எடுக்க ஆதார் சரிபார்ப்பும் வந்துவிட்டது. ஆன்லைன் விளையாட்டுகளில் கணக்கை முடக்குவார்கள். இங்கெல்லாம் எதிரே வரிசையில் இன்னொரு மனிதர் நிற்கிறார். அவருடைய முறையைப் பிடுங்க நிரலை விடுவதில் எனக்கு உடன்பாடில்லை.

ஆனால் 'ஆன்லைனில் இருக்கிறேன்' என்று பச்சைப் புள்ளியைக் காப்பாற்ற மவுஸை அசைக்கும் நிரல் வைத்திருப்பவர்கள் விஷயத்தில் எனக்கு அவ்வளவு கோபம் வருவதில்லை. 2024இல் அமெரிக்காவின் வெல்ஸ் ஃபார்கோ வங்கி, விசைப்பலகை இயக்கத்தைப் போலியாகக் காட்டியதாகப் பன்னிரண்டுக்கும் மேற்பட்டவர்களை வேலையைவிட்டு அனுப்பியது செய்தியானது. ஏமாற்றுத்தான், மறுக்கவில்லை. ஆனால் மவுஸ் அசைவதை வேலை என்று அளக்க ஆரம்பித்தால் மவுஸ் அசையத்தான் செய்யும்.

சரி, நிறுத்துவது எப்படி? புதிதாகப் பயன்படுத்துபவர்கள் இதைக் கடைசியில்தான் யோசிக்கிறார்கள். நொடிக்கு இருபது முறை அழுத்தும் கிளிக்கரை நிறுத்த மவுஸை நகர்த்தினால், போகும் வழியெல்லாம் கிளிக் விழும். எக்ஸில் கிளிக்கரே ஒரு விசையைப் பிடித்துவைத்துக்கொள்ள முடியும். வேலண்டில் ஒரு நிரல் தன்னிஷ்டத்துக்கு அப்படிச் செய்ய முடியாது. குனோமிலும், அதைப் போன்ற இன்னொரு மேசைச்சூழலான கேடிஇயிலும் அமைப்புகளில் தனிக் குறுக்குவிசை உருவாக்கும் இடம் இருக்கிறது. அங்கே கிளிக்கரைக் கொல்லும் ஒரு வரிக் கட்டளையைக் கொடுத்து வைத்துவிடுங்கள். அதையும் தாண்டிவிட்டால் கண்ட்ரோல், ஆல்ட், எஃப்3 மூன்றையும் சேர்த்து அழுத்துங்கள். கறுப்புத் திரையில் எழுத்து முனையம் வரும், மவுஸ் கிளிக்குக்கு அங்கே மரியாதை இல்லை. உள்நுழைந்து நிரலைக் கொன்றுவிட்டுத் திரும்பலாம். இதெல்லாம் வேண்டாம் என்றால், முடிவில்லாமல் ஓடவிடாமல் எத்தனை கிளிக் என்று முன்பே எண்ணைக் கொடுத்துவிடுவதே நல்லது. ஓர் இதழில் அட்டையோடு சேர்த்து 64 பக்கம் என்றால் உள்ளே இரண்டிரண்டாக 31 படம், முன்னட்டை பின்னட்டைக்கு ஒன்று. 32 கிளிக் முடிந்ததும் தானே நின்றுவிடும்.

இவ்வளவும் என் வசதிக்கான கதை. கிளிக்கர் வசதியாக இல்லாமல் தேவையாகவே இருப்பவர்கள் உண்டு. எங்கள் வட்டத்தில் ஓர் அக்கா வீட்டிலிருந்தே மெய்ப்புப் பார்க்கிறார். ஸ்கேன் செய்த பக்கம் ஒரு பக்கம், அதிலிருந்து கணினி படித்தெடுத்த ஓசிஆர் எழுத்து மறுபக்கம், நாள் முழுக்க. "நகர்த்தினா ஒண்ணும் இல்ல தம்பி, அழுத்தினாத்தான் சுள்ளுனு இழுக்குது" என்று ஆள்காட்டி விரலிலிருந்து முழங்கைவரை தடவிக் காட்டினார். கேடிஇயில் கேமவுஸ்டூல் என்று ஒரு நிரல் இருக்கிறது. சுட்டியை நகர்த்தி ஓரிடத்தில் நிறுத்தினால் அது அழுத்திவிடும். திரும்பத் திரும்ப ஒரே அசைவால் கை கெட்டுப்போனவர்களுக்காகவே எழுதியது. அவருக்கு அது நன்றாகப் பொருந்தியது. கேடிஇயின் புதிய பதிப்பான பிளாஸ்மா 6க்கு மாறியபோது அமர்வு இயல்பாகவே வேலண்டாகிவிட்டது, கேமவுஸ்டூல் செயலிழந்தது. அதுவும் எக்ஸ்டெஸ்டை நம்பியிருந்த நிரல்.

வேலண்ட் கதவை மூடியது தவறு என்று நான் சொல்லமாட்டேன். எக்ஸ்இன்புட் சோதனையை ஒருமுறை பார்த்தவர் யாரும் சொல்லமாட்டார்கள். ஆனால் வரிசை தவறு. கதவை முதலில் மூடிவிட்டு, சாவியைப் பிறகு செய்தார்கள். பீட்டர் ஹட்டரர் எழுதிய லிப்ஈஐ என்ற நூலகம்தான் அந்தச் சாவி. ஒரு நிரல் 'நான் போலி மவுஸ், அனுமதி வேண்டும்' என்று கம்போசிட்டரிடம் வெளிப்படையாகச் சொல்லி, பயனர் சரி என்றால் மட்டும் கிளிக் அனுப்பும் முறை. அதன் 1.0 பதிப்பு வந்தது 2023இல், ஃபெடோரா வேலண்டுக்கு மாறி ஆறு வருடத்துக்குப் பிறகு. இப்போது புதிய குனோமில் பழைய எக்ஸ் நிரல் ஒன்று கிளிக் அனுப்ப முயன்றால், தொலைவிலிருந்து இயக்க அனுமதிக்கவா என்று ஒரு பெட்டி வருவது இதனால்தான். விளையாட்டுகளை வாங்கி ஆடும் ஸ்டீம் நிரலைத் திறந்தபோது இந்தப் பெட்டி வந்து பலர் பயந்துபோனார்கள். எனக்கென்னவோ அது நல்ல பெட்டி. கேட்க வேண்டிய கேள்வியை ஒருவழியாகக் கேட்கிறது. டபிள்யூஎல்ரூட்ஸ் என்ற நூலகத்தின்மேல் எழுதிய ஸ்வே போன்ற கம்போசிட்டர்களில் இதற்கு வேறொரு நெறிமுறை. அங்கே இருப்பவர்கள் டபிள்யூஎல்ஆர்கண்ட்ரோல் என்ற கருவியைப் பார்க்கலாம்.

அக்காவிடம் நெறிமுறை பற்றிப் பேசிப் பயனில்லை. முதலில் உள்நுழைவுத் திரையில் பழைய எக்ஸ் அமர்வைத் தேர்ந்துகொடுத்தேன், வலி குறைந்தது. அது எத்தனை நாள் இருக்கும் என்று உறுதியில்லாததால், அடுத்த மாதம் குனோமுக்கு மாற்றினோம். அங்கே அணுகல்தன்மை அமைப்புகளில் சுட்டியை நிறுத்தினாலே கிளிக் ஆகும் வசதி கூடவே வருகிறது, கம்போசிட்டரே செய்வதால் அனுமதிச் சிக்கலும் இல்லை. இயல்பான காத்திருப்பு 1.2 விநாடி. மெய்ப்புப் பார்ப்பவருக்கு அது நீளம், குறைத்துக்கொண்டோம். இரட்டைக் கிளிக், வலது கிளிக், இழுப்பது எல்லாம் மேல்பட்டையில் இருக்கும் சின்ன மெனுவில் தேர்வு செய்யலாம். படித்துக்கொண்டே சுட்டியை எங்காவது விட்டால் அங்கேயும் கிளிக் விழுகிறது என்று முதல் வாரம் திட்டினார். இப்போது படிக்கும்போது சுட்டியைப் பக்கத்தின் வெள்ளை ஓரத்தில் கொண்டுபோய் வைத்துவிடுகிறார்.